சிக்கரி கலக்காதது

— ஆயிரத்து நானூத்தி அறுவது ரூவா, அண்ணாத்தே. ஒரு ரூவா கூடவும் கேக்கல, கொறச்சும் கேக்கல. இரும்புக்கடையில ஸ்டீல் உருளைய கடனா எடுத்தது எண்ணூறு. பித்தள நூத்தியம்பது. பாக்கி என் கூலி. நீ வாயால ஒத்துகினு செய்யச் சொன்ன வெல இது.

— ஒத்துகினேன், யாரு இல்லன்னது? காப்பி மிஷினுக்கு ஒத்துகினேன் உத்தமா, வெடிகுண்டுக்கு ஒத்துக்கல. புரிதா? எம்பொண்ணு ராணிக்குக் கழுத்தாண்டேர்ந்து முழங்கை வரிக்கும் வெந்துபூட்ச்சி. நீ இன்னாடான்னா துட்டு துட்டுன்னு வந்து நிக்கற.

— கொழந்தைக்கு வெந்தது எனக்கும்தான் மனசு ஆறல. ஆனா மிஷின் வெடிச்சிச்சின்னு நீ சொல்ற பாரு, அதான் எனக்கு நூல் புடிச்சாப்ல நேரா வரல. மூணாவது தபா வரேன் அண்ணாத்தே. ஒவ்வொரு தபாவும் 'ஒத்துக்க, ஒத்துக்க'ன்னு ஒரே பாட்டு பாடற.

— தப்பு செஞ்சவன் ஒத்துக்கணும், அதான் மொற. ஒத்துக்க, துட்டப் பத்தி அப்பறம் பேசலாம்.

— ஒத்துகினப்பறம் எந்த மூஞ்ச வெச்சிகினு துட்டு கேப்பேன்?

— அது ஓன் பாடு. எட்டு பேரு பொண்ணு பாக்க கார்ல வந்து எறங்கனாங்கய்யா அன்னிக்கு. மாப்ள துபாய்ல பதினோரு வருசம் இருந்தவரு. அங்க இந்தக் கெட்டிக் காப்பிதான் குடிப்பாராம், சின்ன கப்புல, நொர நிக்க. ரிசப்ஷன்ல வரிசையில நின்னு வாங்கறமே எஸ்பிரஸ்ஸோ, அத்த வுட ஒசத்தியா நம்ம ஊட்லயே போட்டுக் குடுத்து அசத்திடணும்னுதான ஒங்கிட்ட வந்தேன்? பாரிவாக்கத்துல எவன் ஊட்லயும் இல்லாத சாமான். கடசியில பாரிவாக்கமே சிரிச்சிச்சி.

— கல்யாணத்துல குடுக்கறது ஆவி அடிச்சி நொர தள்ளுன பாலு. அது வேற. நான் செஞ்சது முறுக்கு உழக்கு மாதிரி. சுடுதண்ணிய மேலேர்ந்து கையால அழுத்தி, பொடிக்குள்ள பூர வெச்சி, கீழ எறக்கறது. எங்க லேத்து கம்பெனி மொதலாளி வெளிநாட்டுலேர்ந்து ஒண்ணு கொண்டாந்தாரு, ரிப்பேருக்குக் குடுத்தாரு. அத்தக் கழட்டி, ஒவ்வொண்ணா அளவெடுத்து, ஓவர்டைம் முடிஞ்சப்பறம் நின்னுகினு கடஞ்சது இது.

— அதான் சொல்றேன். அவன் அளவு வேற, ஓன் அளவு வேற. காப்பியடிக்கத் தெரியல ஒனக்கு.

— அண்ணாத்தே, அம்பத்தூர் எஸ்டேட்ல இப்ப எனக்கு இன்னா பேரு தெரியுமா? 'வெடி உத்தமன்'. டீக்கடையில போயி நின்னா, 'தள்ளி நில்லுங்கடா, வெடிச்சிடப்போவுது'ங்கறானுங்க. தனியா எடுத்துச் செய்ற வேல ஒண்ணு வரல. எம் பொஞ்சாதி நாகவல்லி கம்மல அடகு வெச்சி அரிசி வாங்குது. இரும்புக்கடக்காரன் பருத்திப்பட்டு வரிக்கும் சைக்கிள்ல வந்து ஊட்டாண்ட நிக்கறான். எனக்கு அந்தத் துட்டும் வோணும், இல்லாத பேரு போவணும். இன்னிக்கு மிஷினப் பாக்காம போவ மாட்டேன்.

— பாரு, நல்லா பாரு. சமயக்கட்டு மேடையில நீ மாட்டினது மாட்டினபடி கீது. யாரும் தொடல. பின்பக்கமா சுத்தி வா. நடு ஊட்ல நெல்லு கொட்டிகீது.

— நெல்லா? நெலத்ததான் பிளாட் போட்டு வித்துட்டியே அண்ணாத்தே.

— சரி சரி, வா. பேச்சுக்கு ஒண்ணும் கொறச்சல் இல்ல.

— இத்தப் பாரு. இது உருள. தடவு, பயப்படாத. வழுவழுன்னு கீதா? வெடிச்சிருந்தா எங்கனா ஒரு கீறலு வுட்டிருக்கும். இது கைப்பிடி. கோணிகீதா? கோணல. இது பொடி போடற அடிக்கப்பு. பூட்டற காது ரெண்டும் முளுசா கீது. எது வெடிச்சிச்சி, காட்டு.

— கப்பு தெறிச்சிகினு போயி செவுத்துல அடிச்சிச்சி. தோ, காரை பேந்துகீது பாரு. கொதிக்கற பொடியும் தண்ணியும் புள்ள மேல.

— பூட்டுன கப்பு தானா தெறிக்காது. யாரோ திருகியிருக்காங்க. உள்ள அழுத்தம் நிக்கசொல்ல திருகுனா தெறிக்கத்தான் செய்யும், குக்கர் மூடிய நடுவுல தெறந்தா சொம்மா இருக்குமா? கைப்பிடிய மெதுவா மேல தூக்கு, நூறு எண்ணு, அப்பறம் கப்பத் தொடுன்னு நான் படிச்சிப் படிச்சி சொன்னேன்.

— எட்டு பேரு வாயப் பாத்துகினு ஒக்காந்துகீறாங்க, இவ உள்ள நூறு எண்ணுவாளா? அத்த வுடு. அழுத்தம் ஏன் உள்ள நின்னுச்சி? காப்பி ஏன் கீழ எறங்கல? அதுக்கு பதில் சொல்லு.

— இன்னா பொடி போட்டீங்க?

— காப்பிப் பொடிதான், பின்ன செங்கப் பொடியா?

— கப்புக்குள்ள கீற இந்தச் சல்லடைய மோந்து பாரு. காஞ்சி கருங்கல்லாட்டம் ஒட்டிகினு கீது. கருகுன வெல்லத்து வாசன வருதா? சிக்கரி. தண்ணி பட்டா ஊதிக்கும், பிசினாட்டம் ஆயிடும். பில்டர்ல பரவால்ல, அது ராவெல்லாம் சொட்டு சொட்டா எறங்கும், யாரும் மேல ஒக்காந்து அழுத்தறதில்ல. இதுல போட்டா அத்தினி ஓட்டையும் அடச்சிக்கும். அதுக்குத்தான் சிக்கரி கலக்காத வெறுங்கொட்டைய அரச்சி வாங்குங்கன்னு சொல்லிட்டுப் போனேன்.

— சிக்கரி இல்லாத காப்பிய மனுசன் குடிப்பானா? எங்க ஊட்ல எங்கப்பன் காலத்துலேர்ந்து அறுவதுக்கு நாப்பது. அதான் கெட்டி.

— அப்ப தப்பு பொடியில.

— தப்பு மிஷின்ல. நல்ல மிஷின்னா எந்தப் பொடியப் போட்டாலும் எறங்கணும். ஒரே வார்த்த உத்தமா. 'என் மிஷின்தான் கோளாறு.' சொல்லிட்டுப் போ. ஆஸ்பத்திரி செலவு கூட ஒங்கிட்ட கேக்கல.

— கழுத்துல கத்தி வெச்சாலும் சொல்ல மாட்டேன்.

— அப்ப பந்தயம். நான் பூந்தமல்லி போயி ஓன் வெறுங்கொட்டைய அரச்சிகினு வரேன். எங்கண்ணு முன்னாடி போட்டுக் காட்டு. காப்பி எறங்கிச்சா, ஆயிரத்து நானூத்தி அறுவதும் ஓன் கையில. எறங்கலன்னா, மிஷின்தான் கோளாறுன்னு எழுதிக் குடுத்துட்டுப் போவணும். வெறும் வாய்ப்பேச்சு இல்ல, காயிதம். எழுத வரும்ல? கைநாட்டுன்னா சொல்லு, மை டப்பா கீது.

— எழுத வரும். நாப்பது வயசுக்கு மேல ராத்திரி பள்ளிக்கூடம் போயி, எம்புள்ளைங்க வயசு வாத்தியாராண்ட கத்துகினேன். போயி வாங்கினு வா. நான் தயாரு.

— ராணி! ஏ ராணி! மேஸ்திரி வந்துகீறாரு, ஸ்டவ்வப் பத்த வெச்சி தண்ணி சுட வையி. அம்மா மாங்காட்டு கோயில்லேர்ந்து வரதுக்குள்ள இத்த முடிச்சிடறேன். டிவிஎஸ்ஸுல போயிட்டு ஓடியாந்துர்றேன்.

— வாங்கண்ணே.

— வாம்மா ராணி. கை எப்பிடி கீது?

— மடக்க வருதுண்ணே. தையல் மிஷின்ல உக்காரலாம்னு டாக்டர் சொல்லிட்டாங்க. திங்கக்கிழமையிலேர்ந்து எக்ஸ்போர்ட் கம்பெனிக்கு மறுபடியும் போறேன்.

— கழுத்துல?

— தோல் மாறிட்டு இருக்கு. மொதல்ல கண்ணாடி பாக்கவே பயமா இருந்துச்சு. இப்ப பழகிடுச்சு.

— பழகட்டும், பழகட்டும். தண்ணி நல்லா கொதிக்கணும்மா. ஒங்கப்பன் வந்து நிக்கசொல்ல குபுகுபுன்னு கீதா பாத்துக்க. இன்னிக்கு அந்த மனுசன் மூஞ்சி போற போக்க நான் பாக்கணும். ஆறு வாரமா தூக்கம் இல்ல எனக்கு.

— அண்ணே, இந்தப் பந்தயத்துல நீங்க தோத்துடுங்க.

— இன்னாது?

— தோத்துடுங்கண்ணே. உங்க காலைப் புடிச்சிக் கேக்கறேன்.

— எழுந்திரும்மா. இன்னா பேசற நீ? நான் தோத்தா, ஒன் மேல வெந்நீய ஊத்துனது நான்தான்னு நானே எழுதிக் குடுத்தாப்ல ஆயிடும்.

— பொடியை மாத்திப் போட்டது நான்.

— அது ஒனக்கு எப்பிடித் தெரியும் பாவம், ஊட்ல இருந்த பொடியப் போட்டுட்ட.

— தெரிஞ்சேதான் போட்டேன். மாட்டிக் குடுத்த அன்னிக்கு நீங்க மூணு வாட்டி சொன்னீங்க, எனக்கு ஒரு வார்த்தை மறக்கல. கடைக்குப் போனதே நான்தான். ரெண்டு பொட்டலம் வாங்கினேன். நீங்க சொன்ன வெறுங்கொட்டை இதோ, அரிசிப் பானைக்குள்ள இன்னும் பிரிக்காம இருக்கு. மோந்து பாருங்க.

— ஏம்மா?

— அடைச்சிக்கணும்னுதான். அந்த மாப்பிள்ளையோட அம்மாவுக்குச் சகுனம்னா உயிர். வரும்போதே பூனை குறுக்க வந்துச்சுன்னு முக்கால் மணி நேரம் காருக்குள்ளயே உக்காந்திருந்தாங்க. பொண்ணு பாக்க வந்த வீட்டுல காப்பியே வரலைன்னா எழுந்து போயிடுவாங்கன்னு கணக்குப் போட்டேன். இப்படித் தெறிக்கும்னு நினைக்கல.

— நூறு எண்ணச் சொன்னனே ராணி. அத்த மட்டும் மறந்துட்டியா?

— மறக்கல. எண்ணிட்டுதான் நின்னேன். நாப்பதோ அம்பதோ வரைக்கும் வந்திருப்பேன். அப்பா உள்ள வந்தாரு. 'இன்னாடி மந்தரம் ஜெபிச்சிகினு நிக்கற'ன்னு என்னைத் தள்ளிட்டு அவரே புடிச்சித் திருகிட்டாரு.

— திருகுனது அவனா?

— அவர் கைதான். பட்டதுதான் என் மேல.

— அடப்பாவி மனுசா! அத்தினி பேச்சு பேசறான், அத்த ஒரு வார்த்த சொல்லலியே!

— சொல்ல மாட்டாரு. யார்கிட்டயும் சொன்னதில்ல. திருப்பித் திருப்பி 'வெடிச்சிச்சி, வெடிச்சிச்சி'ன்னு சொல்லி, இப்ப அவரே அதை நம்பறாரு.

— அவன வுடு. ஒனக்கு மாப்ள புடிக்கலன்னா வாயத் தொறந்து சொல்ல வேண்டிதான? என் மிஷின்ல ஏம்மா கை வெச்ச? நான் ஒனக்கு இன்னா கெடுதி பண்ணேன்? இருவத்தேழு வருசம் லேத்துல நின்னவன். ஒரு சாமான் திரும்பி வந்ததில்ல. நீ ஒரு பிடி பொடியில என்ன மண்ணாக்கிட்ட.

— திட்டுங்கண்ணே. ஆனா வாயைத் திறந்து சொல்லலன்னு மட்டும் சொல்லாதீங்க. கம்பெனியில எனக்குப் பக்கத்து மிஷின்ல வேலப்பன்சாவடிப் பொண்ணு ஒண்ணு. அந்த மாப்பிள்ளை வீடு அவ தெருவுலதான். அவருக்கு ஏற்கெனவே ஒரு கல்யாணம் ஆயிருக்கு. அந்தம்மா கிணத்துல கிடந்தாங்க. தண்ணி எடுக்கப் போயி தவறி விழுந்துட்டாங்கன்னு சொன்னாங்களாம். வீட்டுக்குள்ள குழாய் இருக்கு அண்ணே. குழாய் இருக்கற வீட்டுப் பொம்பளை கிணத்துக்கு எதுக்குப் போவா? போலீசு வந்துச்சு, போச்சு. தெருவுல யாரும் வாயைத் திறக்கல.

— இத்த அப்பனாண்ட சொன்னியா?

— சொன்னேன். 'ஊரு வாயி ஆயிரம் பேசும். அவனுக்கு மெயின் ரோட்டு மேல ரெண்டு கிரவுண்டு நெலம் கீது'ன்னாரு. அம்மாகிட்ட சொன்னேன். 'அவரு ஜாதகத்துல இருந்த தோஷம் முதல் தாரத்தோட கழிஞ்சிடுச்சி, உனக்கு ஒண்ணும் வராது'ன்னாங்க. இதுக்கு மேல யாருகிட்டண்ணே வாயைத் திறக்கறது?

— தோஷம் கழிஞ்சிடுச்சாமா! நல்ல ஆத்தா, நல்ல அப்பன்.

— மாப்பிள்ளை வீட்டுக்காரங்க எழுந்து போனவங்க போனவங்கதான். அதோட முடிஞ்சு போச்சு. ஆனா இன்னிக்கு நீங்க இந்த மிஷின்ல காப்பி எறக்கிக் காட்டிட்டீங்கன்னு வைங்க, அப்பாவோட அடுத்த கேள்வி என்னைப் பாத்துதான். 'வெறுங்கொட்ட வாங்கச் சொன்னான், வாங்கினவ நீ, மாத்தினது எவடி?'ன்னு கேப்பாரு. அடிச்சா கூடத் தாங்கிக்கலாம். வேலைக்கு அனுப்ப மாட்டாரு. என்னை இழுத்துட்டுப் போயி அந்த மாப்பிள்ளையோட அம்மா காலுல போட்டு, 'புள்ள தெரியாம பண்ணிட்டா'ன்னு அங்கயே விட்டுட்டு வந்துடுவாரு. இப்ப கோவமெல்லாம் மிஷின் மேல இருக்கு. அதனாலதான் நான் தப்பிச்சிட்டு இருக்கேன்.

— மிஷினுக்கு வாயில்ல, அதான.

— உங்க பணத்தை நான் குடுத்துடறேன்ணே. மாசம் நூறு. சம்பளத்துல அம்மாவுக்குத் தெரியாம எடுத்து, கொண்டாந்து குடுக்கறேன்.

— துட்டு கெடக்குது. எம்பேரு? அத்த எந்த மாசம் கொண்டாந்து குடுப்ப?

— அது என்னால முடியாதுண்ணே.

— முடியாதுன்னு சொல்றியே, அதுவாச்சும் நேரா வந்துச்சி. தண்ணி கொதிக்குதா?

— கொதிக்குது.

— சல்லடையச் சுரண்டிக் கழுவிட்டு அந்தப் பொட்லத்தப் பிரி. ஒரே ஒரு தபா போட்டுப் பாப்போம். ஒங்கப்பன் வர இன்னும் நேரம் கீது. நான் இதுல வெறுந்தண்ணி வுட்டுப் பாத்ததோட சரி. காப்பி போட்டுப் பாக்கல. எங்க ஊட்ல டீத்தூளு, அதுவும் சேட்டுக்கடைத் தூளு. காப்பிப் பொடிக்கு நான் எங்க போவேன்?

— எவ்ளோ போடணும்?

— ரெண்டு ஸ்பூன். கோபுரமா நிக்குது பாரு, அத்த ஸ்பூன் முதுகால அழுத்து. சமமா அழுத்து. ஒரு பக்கம் பள்ளம் வுட்டியோ, தண்ணி சுகம் கண்டுகினு அந்தப் பக்கமாவே ஓடிடும். ஆங், அதான். வெரலால வெளிம்பத் தொடச்சி வுடு.

— பூட்டட்டுமா?

— பூட்டு. காது ரெண்டும் ஒக்காரசொல்ல 'டக்'குனு கேக்கும். கேட்டுச்சா? இப்ப தண்ணி ஊத்து. பாத்து, கையில படப்போவுது. போதும், முளுசா ரொப்பாத. கைப்பிடிய லேசா எறக்கு, நிறுத்து. பொடி நனையட்டும்.

— எவ்ளோ நேரம்?

— ஒரு மூச்சு இழுத்து வுடு. வுட்டியா? இப்ப அழுத்து.

— கல்லு மாதிரி இருக்குண்ணே. கை வலிக்குது.

— வெந்த கையி. இரு, அந்தப் பக்கம் நீ புடி, இந்தப் பக்கம் நான். ஆத்தரமா குத்தக்கூடாது. தூங்கற கொழந்தையத் தூளியில எறக்கற மாதிரி. அப்பிடித்தான். எதிர்க்குது பாரு, எதிர்க்கட்டும், வுடாத.

— வருது! அண்ணே, வருது! எண்ணெய் மாதிரி கெட்டியா.

— கண்ணு வெக்காத. அழுத்து. நொர பாத்தியா? பனவெல்லத்து நெறம்.

— அவ்ளோதானா? இத்தனூண்டு இருக்கு.

— அவ்ளோதான். இத்தினி மல்லுக்கட்டு ஒரே ஒரு முழுங்குக்கு.

— நீங்க குடிங்க. நீங்கதான் முதல்ல குடிக்கணும்.

— குடு. ஆத்தாடி! இன்னா கசப்பு! வேப்பங்கொட்டையக் கடிச்சாப்ல கீது.

— சர்க்கரை போடட்டா?

— வாணாம், இரு. நாக்குல ஏதோ நிக்குது. கசந்துகினே நிக்குது, போவ மாட்டேங்குது. துபாய்க்காரனுக்கு இது எப்பிடி எறங்குதோ. ராணி, இங்க பாரு. கைப்பிடியாண்ட தொட்டுப் பாரு. ஒரு சொட்டு மேல கசிஞ்சிகீதா?

— ஈரமே இல்லண்ணே.

— தலமுடி பூராது அந்த சந்துல. வெளிநாட்டுக்காரன் சாமான்ல கூட கொஞ்சம் கசியும், நான் பாத்தேன். இதுல கசியல. என் ஆயுசுல இவ்ளோ ஷோக்கா ஒரு வேல என் கையில அமயல.

— நான் பாத்தேண்ணே. நான் இருக்கேன் சாட்சி.

— சாட்சி சொல்ல முடியாத சாட்சி. மிச்சத்த நீ குடி.

— கசக்குதுண்ணே.

— கசக்கட்டும், முழுங்கு. அப்பறம் கப்பக் கழுவு, பொடிய கொல்லையில கொட்டி மண்ண மூடு. ஜன்னலத் தெற. வாசன இருக்கக்கூடாது.

— ஏண்ணே மறுபடியும் கழட்டறீங்க? பிளேடு எதுக்கு?

— இந்த ரப்பர் ரிங்கு கீதே, இதான் இந்த மிஷினுக்கு உசுரு. இத்த உள்பக்கமா ஒரு கீறு கீறிட்டா அழுத்தம் நிக்காது. தண்ணி மேலால வழிஞ்சிடும், கீழ எறங்காது. கப்பு தெறிக்காது, யாருக்கும் ஒண்ணும் ஆவாது. பயப்படாத.

— அண்ணே, நான் என்ன சொல்றதுன்னு...

— ஒண்ணியும் சொல்லாத. கீறலு கோணலா வுழுந்தா கண்டுபுடிச்சிடுவான்.

— டிவிஎஸ் சத்தம் கேக்குது.

— மேடையத் தொடச்சிடு. நீ ஒண்ணும் பேசல, நான் ஒண்ணும் கேக்கல.

— வந்துட்டேன் வந்துட்டேன். இன்னா ராணி, காப்பி வாசன வருது?

— உங்க கையில இருக்கற பொட்டலம்தான்பா. சூடா இருக்கு.

— ஆமா, இப்பதான் அரச்சான். சிக்கரி வாணாம்னு சொன்னா என்ன ஏற எறங்கப் பாக்கறான் கடக்காரன். உத்தமா, ஆரம்பி. நீயே போடு, நீயே பூட்டு, நீயே அழுத்து. அப்பறம் அவங்க தப்பு, இவங்க தப்புன்னு கத வுடக்கூடாது. புரிதா? ராணி, நீ தள்ளி நில்லு.

— நல்லா பாத்துக்க அண்ணாத்தே. பொடி போட்டாச்சி. பூட்டியாச்சி. தண்ணி ஊத்தியாச்சி.

— பாத்துகினுதான் கீறேன். அழுத்து. இன்னாய்யா இது, மேலால வழியுது?

— கொஞ்சம் இரு, அழுத்தறேன்.

— அழுத்த அழுத்த மேலதான்யா பொங்குது! கீழ ஒரு சொட்டு காணோம்! ஏ, தள்ளு தள்ளு, மேட பூரா வெந்நி. இதுக்கா ஆயிரத்து நானூத்தி அறுவது? சட்டியில போட்டுக் கொதிக்க வெச்சிருந்தா கூட இந்நேரம் ஊரே குடிச்சிருக்குமேய்யா!

— உருளையத் தப்பா கடஞ்சிட்டேன் அண்ணாத்தே. நடுவுல அகலமா ஆயிபூட்ச்சி. ரிங்கு ஒக்கார மாட்டேங்குது.

— சத்தமா சொல்லு.

— என் மிஷின்தான் கோளாறு.

— கேட்டியா ராணி?

— கேட்டேம்பா.

— தோ, காயிதம். இந்தா பேனா. ஒக்காந்து எழுது உத்தமா.

— குடுங்கப்பா, நான் எழுதறேன். அவரு கையெழுத்து மட்டும் போடட்டும்.

— நீ தொடாத! ஓன் எழுத்து அதுல படவே கூடாது. செஞ்சவன் கையாலதான் எழுதணும். நான் சொல்றேன், எழுதுய்யா. 'பருத்திப்பட்டு உத்தமன் ஆகிய நான் செய்து கொடுத்த காபி இயந்திரம்...'

— மெதுவா சொல்லு அண்ணாத்தே. கை இன்னும் பழகல. 'இயந்திரம்'. ஆச்சி, மேல சொல்லு.

— '...என் கவனக்குறைவால் கோளாறானது. இதில் பாரிவாக்கம் வீரராகவன் மகள் ராணியின் தவறு எதுவும் இல்லை.'

— ராணி பேரு எதுக்கு இதுல?

— பொண்ணு பேரு ஊர்ல கெடக்கூடாதுல்ல? எழுது.

— அதுவும் சரிதான். 'தவறு எதுவும் இல்லை.' போட்டுட்டேன். கீழ எம்பேரும் போட்டுட்டேன்.

— குடு பாக்கலாம். எழுத்து கோழி கிண்டுனாப்ல கீது. ஆனா படிக்க வருது, அது போதும்.

— அப்ப நான் கெளம்பறேன் அண்ணாத்தே. வரேம்மா ராணி. ஒடம்பப் பாத்துக்க. திங்கக்கிழம வேலைக்குப் போசொல்ல அந்தக் கையில பாரம் தூக்காத.

— போயிட்டு வாங்கண்ணே. நீங்க நல்லா இருக்கணும்.

— இருய்யா, எங்க ஓடற? இந்தா, இத்தப் புடி.

— இன்னா அண்ணாத்தே இது?

— ஓன் பாக்கி. ஆயிரத்து நானூத்தி அறுவது. எண்ணிக்க. காலையிலயே எடுத்து மடியில வெச்சிட்டேன்.

— தோத்தது நான். தோத்தவனுக்கு எதுக்கு துட்டு?

— நீ தோத்துதான் நைனா என்ன வாழ வெச்ச. மாப்ளையோட அம்மா அன்னிக்குக் கார் ஏறசொல்லவே சொல்லிட்டா, 'ஒங்க பொண்ணு இஷ்டமில்லாம வேணும்னே இத்தப் பண்ணிச்சி. அப்பிடி இல்ல, மிஷின்தான் கோளாறுன்னு செஞ்சவன் கைப்பட எழுதிக் குடுத்தா, வர்ற மொத முகூர்த்தத்துலயே தாலி கட்டிக்கலாம்'னு. இந்த ஒரு காயிதத்துக்குத்தான் ஆறு வாரமா நாயா அலஞ்சேன். நம்ம கணக்கு தீந்துச்சி, போயிட்டு வா. ராணி, இத்தக் கொண்டுபோயி சாமி படத்தாண்ட வையி.